ஹாலுக் பில்கினெர்: தன் மொழிக்குத் திரும்பிய நடிகர்

1985 பிப்ரவரி 19ஆம் தேதி பிபிசி தொலைக்காட்சியில் 'ஈஸ்ட்எண்டர்ஸ்' என்ற தொடர் தொடங்கியது. கிழக்கு லண்டனில் ஆல்பர்ட் சதுக்கம் என்றொரு கற்பனைக் குடியிருப்பு; அங்கே வாழும் சாதாரண மனிதர்களின் அன்றாடப் பாடுதான் கதை. சதுக்கத்தின் சிற்றுண்டிக் கடையை அலி ஒஸ்மான் நடத்தினார். சைப்ரஸ் தீவிலிருந்து வந்த துருக்கியர்; மனைவி சூ ஆங்கிலேயப் பெண். அந்த ஆண்டிலேயே அலியின் உடன்பிறந்தான் மெஹ்மெத் கதைக்குள் வந்தான். மனைவி, மக்கள் உண்டு. ஆனாலும் கண்ட பெண்களிடமெல்லாம் சிரித்துப் பேசி மயக்குவான். சூதாட்டத்தில் கை நிற்காது. அலியுடன் சேர்ந்து வாடகைக் கார் நிறுவனம் ஒன்றும் தொடங்கினான். அந்த மெஹ்மெத்தாக நடித்தவர் ஹாலுக் பில்கினெர். அப்போது அவருக்கு வயது 31.

பிரிட்டனில் அன்று அந்தத் தொடருக்கு இருந்த செல்வாக்கை இன்று எண்ணிப் பார்ப்பதுகூடக் கடினம். 1986ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் பகுதியை மூன்று கோடிக்கும் அதிகமானோர் பார்த்தார்கள். அந்த நாட்டின் மக்கள்தொகையில் பாதிக்கு மேல். தெருவில் இறங்கினால் அடையாளம் காணப்படும் முகம், நிலையான சம்பளம், பிபிசியின் பெயர். வெளிநாட்டிலிருந்து வந்த இளம் நடிகனுக்கு இதற்கு மேல் என்ன வேண்டும்? ஆனால் 1989இல் அவர் அந்தத் தொடரை விட்டு விலகினார். துருக்கிக்குத் திரும்பி, மேடைக்குப் போனார்.

துருக்கித் தொலைக்காட்சி நடிகர்கள் என்றதும் உலகெங்கும் ரசிகர்கள் சொல்லும் பெயர்கள் வேறு. கட்டுடலும் பச்சைக் கண்களும் கொண்ட காதல் நாயகர்கள், குதிரையேறிப் போர்புரியும் வீரர்கள். அந்த வரிசையில் பில்கினெர் இல்லை. இருந்தும், சிறந்த நடிகருக்கான சர்வதேச எம்மி விருதை முதன்முதலாகத் துருக்கிக்குக் கொண்டுவந்தவர் அவர்தான். அப்போது அவருக்கு வயது 65. அந்த விருது ஆங்கிலத்தில் பேசி நடித்ததற்காகக் கிடைத்ததல்ல. முப்பது ஆண்டுகளுக்கு முன் அவர் எந்த மொழிக்காகத் திரும்பினாரோ, அந்த மொழியில் பேசி நடித்ததற்காகக் கிடைத்தது. அவருடைய வாழ்க்கையில் எனக்கு முக்கியமாகப் படுவது இதுதான்.

அவர் 1954 ஜூன் 5 அன்று ஏஜியன் கடலோரத்து இஸ்மிர் நகரில் பிறந்தார். படித்தது அங்காரா அரசு இசைநாடகக் கல்லூரியில். அந்தக் கல்லூரிக்கு ஒரு வரலாறு உண்டு. ஹிட்லரின் ஆட்சியில் ஜெர்மனியில் இருக்க முடியாமல் வெளியேறிய நாடக, இசைநாடக இயக்குநர் கார்ல் எபர்ட்டை 1930களில் துருக்கி அரசு அழைத்தது. புதிய குடியரசுக்கு நாடகமும் இசைநாடகமும் கற்பிக்கும் பள்ளியை அங்காராவில் உருவாக்கிக் கொடுத்தவர் அவர். குரலைக் கட்டுப்படுத்துவது, சொல்லைக் கடைசி எழுத்துவரை தெளிவாகச் சொல்வது, மூச்சை எங்கே எடுப்பது எங்கே விடுவது என்பதிலெல்லாம் அந்தப் பள்ளி கறாரானது. அங்கே பயின்ற தலைமுறைகளின் துருக்கிய உச்சரிப்புதான் அந்நாட்டின் மேடைத் துருக்கியாகவே ஆனது. பில்கினெர் 1977இல் அங்கே படிப்பை முடித்தார். பிறகு லண்டனுக்குப் போய், அந்நகரின் புகழ்பெற்ற இசை, நாடகக் கலைக் கல்லூரியில் 1980வரை பயின்றார். இரண்டு மொழிகள், இரண்டு நாடக மரபுகள். இரண்டிலும் தேர்ச்சி.

1987இல் அவர் துருக்கியின் அரசுத் தொலைக்காட்சிக்காக 'இரவின் மறுமுகம்' என்று பொருள்படும் 'கெஜெனின் ஓதெகி யூஸு' தொடரில் நடிக்க வந்தார். உடன் நடித்தவர் பாடகியும் நடிகையுமான ஸுஹால் ஓல்ஜாய். 1992இல் இருவரும் மணந்துகொண்டார்கள், 2004இல் பிரிந்தார்கள். அந்த மணவாழ்க்கையைவிட நீண்ட காலம் நிற்பது அவர்கள் சேர்ந்து செய்த வேலை. 1990இல் அஹ்மெத் லெவென்தோலுவுடன் இணைந்து 'தியாத்ரோ ஸ்டூடியோசு' என்ற நாடகக் குழுவைத் தொடங்கினார்கள். 1999இல் பில்கினெரும் ஓல்ஜாயும் 'ஒயுன் அதோல்யெசி'யை நிறுவினார்கள். 'நாடகப் பட்டறை' என்று அதன் பெயரைச் சொல்லலாம். இஸ்தான்புல்லின் ஆசியக் கரையில், கடிக்கோயை அடுத்த மோடா பகுதியில் அதற்குச் சொந்த அரங்கமும் அமைந்தது.

அவர் திரும்பிய காலம் துருக்கித் தொலைக்காட்சியே உருமாறிக்கொண்டிருந்த காலம். 1968 ஜனவரி 31 அன்று அங்காராவில் முதல் ஒளிபரப்பு நடந்ததிலிருந்து இருபது ஆண்டுகளுக்கு மேல் அரசு நிறுவனமான டிஆர்டி ஒன்றுதான் அங்கே தொலைக்காட்சி. 1975இல் ஹாலித் ரெஃபி இயக்கிய 'அஷ்க்-இ மெம்னு' போன்ற இலக்கியத் தழுவல்கள் அதில் வந்தன. பிரேசிலிலிருந்து இறக்குமதியான 'இசௌரா' போன்ற தொடர்களும் வந்தன. 1990இல் ஜெர்மனியிலிருந்து செயற்கைக்கோள் வழியாகத் தனியார் அலைவரிசை ஒன்று உள்ளே நுழைந்தது. 1993இல் அரசமைப்புச் சட்டத்தையே திருத்தித் தனியார் ஒளிபரப்பை முறைப்படுத்தினார்கள். அதன்பின் தொடர்கள் பெருகின. நடிகர்களுக்கு வேலை குவிந்தது.

பில்கினெரும் அந்த வேலைகளைச் செய்தார். 2001 முதல் 2004 வரை ஓடிய 'தத்லி ஹயாத்' என்ற நகைச்சுவைத் தொடரில், சலவைக் கடை நடத்திப் பணக்காரனான இஹ்சான் யில்திரிமாக நடித்தார். அமெரிக்காவின் 'தி ஜெஃபர்சன்ஸ்' தொடரின் துருக்கிய வடிவம் அது. மனைவியாக நடித்தவர் துருக்கித் திரையுலகின் பேரரசி துர்கான் ஷோராய். மோடாவின் அரங்கம் காலூன்றிய ஆண்டுகளும் இந்தத் தொடர் வீடு வீடாக ஓடிய ஆண்டுகளும் ஒன்றே என்பதைக் கவனிக்க வேண்டும். தொலைக்காட்சியில் நடிப்பதை இழிவாகக் கருதும் மேடைக் கலைஞர்கள் எல்லா நாட்டிலும் உண்டு. பில்கினெர் அப்படிக் கருதியவரல்ல. அரசு மானியத்தை மட்டும் நம்பி நாடகம் நடத்த முடியாத ஊரில், சின்னத்திரையின் புகழும் வருமானமும் மேடைக்கு உரமாகும் என்பதை அவர் செய்து காட்டினார். இதை ஒரு சமரசம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

அவருடைய நடிப்பு எப்படிப்பட்டது என்பதைத் தெரிந்துகொள்ள 1997க்குப் போக வேண்டும். ஸெகி தெமிர்குபுஸ் இயக்கிய 'மசூமியெத்' என்ற படம், பொருள் 'குற்றமின்மை'. பத்தாண்டுச் சிறைவாசம் முடிந்து வெளியே வரும் யூசுஃப், ஒரு மலிவான விடுதியில் மூன்று பேரைச் சந்திக்கிறான். பாடிப் பிழைக்கும் பெண், காது கேளாத வாய் பேசாத அவளுடைய சிறுமி, அவர்களை நிழல்போலப் பின்தொடரும் பெகிர். அந்தப் பெண் நேசிப்பது சிறையிலிருக்கும் இன்னொருவனை. அவனை எந்த ஊர்ச் சிறைக்கு மாற்றுகிறார்களோ அந்த ஊருக்கு அவள் குடிபெயர்கிறாள். அவளைத் தொடர்ந்து பெகிரும் ஊர் ஊராகப் போகிறான். படத்தின் நடுவே, ஊருக்கு வெளியே திறந்தவெளியில் உட்கார்ந்து, பெகிர் தன் கதையை யூசுஃபிடம் சொல்கிறான். பல நிமிடங்கள். இசை இல்லை, பழைய நினைவைக் காட்டும் காட்சிகள் இல்லை. கேமரா பில்கினெரின் முகத்தை விட்டு அதிகம் நகர்வதில்லை.

அந்தப் பேச்சில் அவர் அழுகையைத் தேடிப் போகவில்லை. கடன்காரன் கணக்குச் சொல்வதுபோலத் தொடங்குகிறார். எந்த ஊர், எத்தனை ஆண்டு, என்ன வேலை போயிற்று, வீட்டை எப்போது விட்டேன். சொல்லச் சொல்ல, தான் செய்தது பைத்தியக்காரத்தனம் என்று தனக்கே தெரியும் என்பதும், தெரிந்தும் நிறுத்த முடியவில்லை என்பதும் குரலில் ஏறிக்கொண்டே வருகின்றன. ஓரிடத்தில் சிரிக்கிறார். அந்தச் சிரிப்பில்தான் நமக்கு நெஞ்சு அடைக்கிறது. மொழி தெரியாமல், துணையெழுத்தைப் படித்துக்கொண்டு பார்க்கிற எனக்கே அப்படி. துருக்கியில் அந்தக் காட்சியை மனப்பாடமாகச் சொல்கிறவர்கள் ஏராளம். ஒன்பது ஆண்டுகள் கழித்து, 2006இல், பெகிர் வாயால் சொன்ன அந்த முன்கதையையே தெமிர்குபுஸ் 'கதெர்' என்ற முழுப் படமாக எடுத்தார். ஒரு நடிகர் உட்கார்ந்த இடத்திலிருந்து பேசியது, இன்னொரு படத்துக்கு விதையாயிற்று.

அதே 2006இல் எஸெல் அகாய் இயக்கிய 'ஹாஜிவாத்தும் கராகோஸும் ஏன் கொல்லப்பட்டார்கள்' என்ற படத்தில் அவர் கராகோஸாக நடித்தார். தமிழ் வாசகருக்கு இதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். நம் தோல்பாவைக் கூத்தில் உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் வந்து சிரிக்க வைப்பதுபோல, துருக்கிய நிழற்பாவைக் கூத்தில் கராகோஸும் ஹாஜிவாத்தும் வருவார்கள். ஹாஜிவாத் படித்தவன், பாரசீகமும் அரபியும் கலந்த பகட்டு மொழி பேசுவான். கராகோஸ் பாமரன், ஹாஜிவாத்தின் சொற்களைத் தவறாகப் புரிந்துகொண்டு, பச்சையான தெருமொழியில் பதில் சொல்வான். சிரிப்பெல்லாம் மொழியின் இந்த இடைவெளியில் பிறப்பது. புர்சா நகரில் பள்ளிவாசல் கட்டும் வேலையில் இருந்த இரண்டு பேர், தங்கள் வேடிக்கைப் பேச்சால் வேலை கெட்டதற்காகக் கொல்லப்பட்டார்கள் என்பது அந்தப் பாவைகளைப் பற்றிய பழங்கதை. அங்காராவில் செம்மையான மேடை உச்சரிப்பைப் பயின்றவர் கராகோஸின் கொச்சையை அவ்வளவு இயல்பாகப் பேசியது, அவர் தன் மொழியின் எந்த மட்டத்தையும் ஒதுக்கி வைக்கவில்லை என்பதற்குச் சான்று.

இதற்குப் பக்கத்தில் அவருடைய ஆங்கிலப் படங்களை வைத்துப் பார்க்கலாம். 'பஃபலோ சோல்ஜர்ஸ்' படத்தில் அவருக்குப் பெயரே 'துருக்கியன்'. 2009இல் வந்த 'தி இன்டர்நேஷனல்' படத்தில் துருக்கிய ஆயுத வணிகர். மடோனா இயக்கிய 'டபிள்யூ.ஈ.' படத்தில் எகிப்தியப் பெருஞ்செல்வர் அல்-ஃபயெத். 'ரோஸ்வாட்டர்' படத்தில் ஈரானியத் தந்தை. 2016இன் 'பென்ஹர்' படத்தில் யூதரான சிமோனிடஸ். 2018இன் 'ஹாலோவீன்' படத்தில் மருத்துவர். பெயர் ரன்பீர் சார்டெய்ன். துருக்கியன், எகிப்தியன், ஈரானியன், யூதன், இந்தியப் பெயர் சூடிய மருத்துவன்! லண்டனில் முறையாகப் பயின்ற ஒரு நடிகருக்கு ஆங்கிலத் திரை கொடுத்த இடம், 'எங்கோ கிழக்கிலிருந்து வந்தவன்' என்ற ஒரே நாற்காலிதான். ஒவ்வொன்றையும் அவர் குறைவில்லாமல் செய்தார். ஆனால் பெகிரைப்போல ஒரு மனிதனை, உள்ளும் புறமும் முழுதாக, அந்த மொழியில் அவரிடம் யாரும் ஒப்படைக்கவில்லை. 1989இல் அவர் எடுத்த முடிவின் பொருள் இந்தப் பட்டியலைப் பார்க்கும்போது இன்னும் தெளிவாகிறது.

லண்டனுக்கு அவர் துருக்கிய மொழியோடு திரும்பிய சந்தர்ப்பமும் ஒன்று உண்டு. 2012இல் ஷேக்ஸ்பியரின் குளோப் அரங்கத்தில் 37 நாடகங்களை 37 மொழிகளில் நடத்தினார்கள். 'ஒயுன் அதோல்யெசி' அங்கே 'ஆண்டனியும் கிளியோபாட்ராவும்' நாடகத்தைத் துருக்கிய மொழியில் நிகழ்த்தியது. பில்கினெர் ஆண்டனி, ஸெர்ரின் தெகிந்தோர் கிளியோபாட்ரா. இந்தி, வங்கம், குஜராத்தி, உருது மொழிக் குழுக்களும் அந்த விழாவில் நடித்தன. தமிழ் அந்த வரிசையில் இல்லை என்பதை வருத்தத்தோடு குறிப்பிடுகிறேன்.

2014இல் நூரி பில்கே ஜெய்லானின் 'கிஷ் உய்குசு', அதாவது 'குளிர்கால உறக்கம்', கான் திரைப்பட விழாவில் தங்கப் பனை விருதை வென்றது. துருக்கி சினிமாவுக்கு நூறாண்டு நிறைந்த ஆண்டு அது. 196 நிமிடப் படம். பில்கினெரின் பாத்திரம் அய்தின். மேடையிலிருந்து ஓய்வுபெற்ற நடிகர், கப்படோக்கியாவின் பாறைக் குடைவுகளுக்கிடையே 'ஒதெல்லோ' என்ற விடுதியை நடத்துபவர், உள்ளூர் இதழில் பத்தி எழுதுபவர். துருக்கிய நாடக வரலாற்றை நூலாக எழுதப்போவதாகச் சொல்லிக்கொண்டே இருப்பவர். 'அய்தின்' என்ற சொல்லுக்கே துருக்கியில் அறிவாளி, ஒளி பெற்றவர் என்று பொருள். அய்தின் மேசையில் எழுதிக்கொண்டிருக்க, பின்னால் சாய்மெத்தையில் படுத்தபடி அக்கறையாகத் தொடங்கும் தங்கை நெஜ்லாவின் பேச்சு, மெல்ல மெல்ல அவர் எழுத்தை, நேர்மையை, வாழ்க்கையையே அறுத்துப் போடும். அவர் முதலில் திரும்பிப் பார்ப்பதில்லை. பெருந்தன்மையாகச் சிரிக்கிறார், கேலி செய்கிறார், பிறகு அவர் வாயிலிருந்து வரும் சொற்கள் நெஜ்லாவுடையதைவிடக் கொடியவை. நெஜ்லாவாக நடித்த தெமெத் அக்பாவும் பில்கினெரும் அந்தக் காட்சியில் ஒருவருக்கொருவர் ஈடு. பெகிர் தன்னை முழுதாகத் திறந்து கொட்டியவன். அய்தின் தன்னை மூடிக்கொள்வதற்காகவே பேசுகிறவர். இரண்டுமே நீண்ட பேச்சுகள், இரண்டும் நேர்எதிரானவை. ஒரே தொண்டையிலிருந்து வந்தவை.

நீண்ட பேச்சை நடிக்கத் தெரிந்தவருக்கு நீண்ட தொடர்கள் வாய்ப்பாகத்தானே இருக்க வேண்டும் என்று தோன்றலாம். நிலைமை வேறு. துருக்கித் தொடரின் ஒரு பகுதி இரண்டு மணி நேரத்துக்கும் மேல் ஓடும். வாரம் ஒரு பகுதி. அதாவது வாரத்துக்கு ஒரு முழுத் திரைப்படம். மாலை எட்டு மணிக்குத் தொடங்கி இரவு முழுவதையும் ஒரே தொடர் நிரப்பினால்தான் அலைவரிசைக்கு விளம்பரக் கணக்குச் சரியாகும். வெளிநாடுகளுக்கு விற்கும்போது அதையே துண்டுகளாக நறுக்கிக் கொடுப்பார்கள். ஆறு நாளில் அவ்வளவு நிமிடங்களை எடுக்க வேண்டும் என்றால், வெறித்த பார்வைகளையும் திரும்பத் திரும்ப வரும் பின்னணி இசையையும் வைத்துத்தான் நேரத்தை இழுக்க முடியும். 2010 இறுதியில் தொடர்களில் பணிபுரிபவர்கள் வீதிக்கு வந்து போராடினார்கள். 'யெர்லி திஸி, யெர்சிஸ் உஸுன்' என்பது முழக்கம்: உள்ளூர்த் தொடர், ஊருக்கே பொருந்தாத நீளம் என்று அந்தச் சொல்விளையாட்டைத் தமிழில் சொல்லிப் பார்க்கலாம். அடுத்த ஆண்டே நடிகர் சங்கம் உருவாயிற்று. அந்தக் காலத்தில்தான் பில்கினெர் 'எஸெல்' தொடரின் பிற்பகுதியில் கெனான் பிர்கான் என்ற வில்லனாக வந்தார். எதிரே, ராமிஸாக, துன்ஜெல் குர்திஸ். அவ்வளவு அவசரத்தில் எடுக்கப்பட்ட தொடரில், அந்த இரண்டு மூத்த நடிகர்கள் மோதும் இடங்கள் மட்டும் தனித்து நிற்கின்றன.

வழி திறந்தது இணையத்தில். 2017இல் ப்ளூடிவி வெளியிட்ட 'மசூம்' எட்டே பகுதிகள். அதில் அவர் ஓய்வுபெற்ற காவல்துறை அதிகாரி. 2018 மார்ச்சில் புஹுடிவியில் 'ஷஹ்சியெத்' வந்தது. பன்னிரண்டு பகுதிகள். எழுதியவர் நாவலாசிரியர் ஹாகான் குந்தாய், இயக்கியவர் ஒனுர் சாய்லாக்.

கதை இது. ஆகாஹ் பெயோலு நீதிமன்ற எழுத்தராக இருந்து ஓய்வுபெற்றவர். இஸ்தான்புல்லின் பழைய பெயோலு பகுதியில் தனியாக வாழ்கிறார். துணைக்கு முனீர் பே என்ற பூனை. ஒருநாள் மருத்துவர் அவருக்கு அல்சைமர் நோய் என்கிறார். இனி ஒவ்வொன்றாக மறக்கும். ஆகாஹ் வெகுகாலத்துக்கு முன் கம்புரா என்ற சிற்றூரில் வேலை பார்த்தவர். அங்கே ஒரு சிறுமிக்கு ஊர் ஆண்கள் பலர் சேர்ந்து இழைத்த கொடுமையும், ஊரே கூடி அதை மூடி மறைத்ததும் அவருக்குத் தெரியும். தன் நினைவு அழிவதற்குள் குற்றவாளிகளைத் தானே கொல்வது என்று முடிவு செய்கிறார். செய்ததும் மறந்துவிடும், குற்றவுணர்வும் இருக்காது! அவரைத் தேடும் காவல்துறைக் குழுவின் ஒரே பெண் நெவ்ரா. ஜான்சு தெரே நடித்த பாத்திரம். அவளும் கம்புராவில் பிறந்தவள்.

'ஷஹ்சியெத்' என்றால் ஆளுமை. 'ஆகாஹ்' என்பது பாரசீகத்திலிருந்து வந்த பெயர். 'அறிந்தவன்', 'விழிப்புள்ளவன்' என்று பொருள். நினைவு போய்க்கொண்டிருக்கும் மனிதனுக்கு அந்தப் பெயர். எல்லாம் நினைவில் இருக்கும் ஊரோ எதையும் அறியாததுபோல வாழ்கிறது. நோய் ஒரு மனிதனுடையது, மறதி ஒரு சமூகத்தினுடையது என்பதைக் குந்தாய் எங்கும் உரக்கச் சொல்லவில்லை.

பில்கினெர் இந்தப் பாத்திரத்தைப் பழிவாங்கும் வீரனாக ஆக்கவில்லை. ஆகாஹ் மரியாதை தவறாத பழைய இஸ்தான்புல்வாசி. பூனையிடம்கூட 'பே' என்ற மரியாதைச் சொல் சேர்த்தே பேசுகிறவர். அந்தப் பண்பட்ட பேச்சு நடுவில் தடுமாறும் விதத்தைப் பார்க்க வேண்டும். ஒரு சொல்லைத் தேடுகிறார், கிடைக்கவில்லை, கிடைக்காததை எதிரே இருப்பவர் கவனித்துவிடக் கூடாதே என்று முகத்தில் ஒரு புன்னகையை ஏற்றிக்கொள்கிறார். கண்கள் மட்டும் ஒரு நொடி வெறிச்சோடிப் போகின்றன. மறதி நோயைப் பல நடிகர்கள் நடித்திருக்கிறார்கள். பெரும்பாலும் நோயைக் காட்டுவார்கள். இவர் நோயை மறைக்க முயலும் மனிதனைக் காட்டுகிறார். வாழ்நாள் முழுவதும் சொல்லைத் தெளிவாகச் சொல்லப் பழகிய ஒருவரால்தான், சொல் நழுவும் கணத்தை அவ்வளவு துல்லியமாகச் சொல்ல முடிகிறது.

2019 நவம்பர் 25 அன்று நியூயார்க்கில் சர்வதேச எம்மி விருதுகள் அறிவிக்கப்பட்டன. சிறந்த நடிகருக்கான போட்டியில் பிரிட்டனின் கிறிஸ்டபர் எக்கிள்ஸ்டனும் இருந்தார். விருது பில்கினெருக்குக் கிடைத்தது. அதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன், 2017இல், 'காரா செவ்தா' சிறந்த நெடுந்தொடருக்கான விருதை வென்றிருந்தது. அது காதலும் செல்வமும் கண்ணீருமாக உலகம் ஏற்கெனவே அறிந்திருந்த துருக்கித் தொடர் வகையைச் சேர்ந்தது. 'ஷஹ்சியெத்' அந்த வகைக்கு வெளியே நின்றது. துருக்கியின் சிற்றூர்களில் நடந்த, நடக்கிற அநீதியைக் கூசாமல் பார்த்தது.

2023இல் வெளியான 'தி டர்கிஷ் டிடெக்டிவ்' ஆங்கிலத் தொடரில் அவர் இஸ்தான்புல் காவல் ஆய்வாளர் செதின் இக்மென். பார்பரா நாடெலின் துப்பறியும் நாவல்களிலிருந்து உருவான பாத்திரம். லண்டனிலிருந்து ஓர் இளம் அதிகாரி அவரிடம் வேலைக்கு வந்து சேர்கிறான். அந்த இளைஞனின் பெயர் மெஹ்மெத். 2024இல் அந்தத் தொடரைப் பிரிட்டனில் ஒளிபரப்பியது பிபிசி. 1985இல் லண்டன் சிற்றுண்டிக் கடைக்கு வந்த மெஹ்மெத்தாக அவர் ஆங்கிலேயர் வீடுகளுக்குள் நுழைந்ததும் அதே பிபிசி வழியாகத்தான். இம்முறை அவர் யாருடைய ஊருக்கும் வந்தவரல்ல. அவருடைய ஊருக்கு மற்றவர்கள் வருகிறார்கள்.

வாசகர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். 'ஷஹ்சியெத்' தொடரையோ 'குளிர்கால உறக்கம்' படத்தையோ பார்க்க வாய்த்தால், குரல் மாற்றிய பதிப்பில் பார்க்காதீர்கள். துணையெழுத்தோடு, துருக்கிய மொழியிலேயே பாருங்கள்.